கோடி தாண்டாத மருமகள்கள்

எங்கள் ஏரிக்குப் பெருமை என்று சொல்லிக்கொள்ள ஒன்றும் கிடையாது. கீழ்பென்னாத்தூர் பஸ்ஸில் போகிறவர்கள் ஜன்னல் வழியாகப் பார்த்தால், வருஷத்தில் முக்கால்வாசி நாள் வேலிகாத்தான் முள் மண்டிய பொட்டலும் அதை வளைத்துக் கிடக்கும் ஒரு மண் கரையும்தான் தெரியும். கரையின் வடக்கு முனையில், அதன் அடியிலேயே ஒட்டிக்கொண்டு நாற்பது வீடுகள் இருக்கின்றன. அதில் கடைசி வரிசையில் ஒரு வீட்டுக்கு நான் மருமகளாகப் போனேன்.

அந்த ஊர் உண்டானதே ஒரு உடைப்பால்தான். எந்தக் காலம் என்று யாருக்கும் தெரியாது. தாத்தாவுக்குத் தாத்தா காலம் என்பார்கள், அதற்கு மேல் கேட்டால் கோபப்படுவார்கள். ஒரு ஐப்பசி மழையில் கரை உடைந்து கீழே இருந்த வயல்களை மண் மூடிவிட, அதை அடைக்க நாலா பக்கத்திலிருந்தும் ஆட்கள் வந்தார்கள். ஆண்கள் மண் வெட்ட, பெண்கள் கூடையில் சுமந்து கொட்ட, வேலை முடிய ஒரு கோடைகாலம் முழுக்கப் பிடித்ததாம். முடிந்ததும் கொஞ்சம் பேர் திரும்பிப் போகவில்லை. கரையோரம் குடியிருந்து கரையைப் பார்த்துக்கொள்ளுங்கள், ஏரி மீன் உங்களுக்கு என்று பேச்சாயிற்று. மற்ற ஏரிகளுக்கெல்லாம் கன்னிப் பெண்ணைக் காவு கொடுத்த பிறகு கரை நின்றது என்று ஒரு கதை இருக்கும். எங்கள் ஏரிக்கு அது இல்லை. அந்த ஒரு விஷயத்தில் அந்த ஊர்மேல் எனக்கு மரியாதை உண்டு.

ஆனால் உடைந்த இடத்தை அடைத்தவர்கள், வீட்டைக் கொண்டுபோய் அதே இடத்துக்குக் கீழே கட்டியிருந்தார்கள். கரையின் அந்தப் பகுதியை இன்றைக்கும் ‘ஒடப்பு’ என்றுதான் சொல்கிறார்கள். எங்கள் வீட்டுக் கொல்லைக்கு நேர் மேலே இருக்கிறது அது. ஏன் இப்படி என்று கல்யாணமான புதிதில் மாமனாரிடம் கேட்டேன்.

“அடச்சவனே பயந்து தள்ளிப் போயிட்டான்னா, கீழ பயிரு வெக்கிறவன் எப்படிம்மா நம்புவான்?” என்றார்.

பதில் நன்றாகத்தான் இருந்தது. எனக்குத்தான் தூக்கம் வரவில்லை.

ஏரி நிரம்பினால் மிச்சத் தண்ணீர் வழிந்து வெளியேற ஒரு கல்கட்டு உண்டு. எங்கள் பக்கத்தில் அதைக் கோடி என்போம். ஊருக்கும் மெயின் ரோட்டுக்கும் நடுவில் அது இருப்பதால், ஏரி கோடி போகிற நாட்களில் முழங்கால் தண்ணீரைத் தாண்டாமல் யாரும் வெளியே போக முடியாது. அதை வைத்து ஊரில் ஒரு வழக்கம் உண்டாகியிருந்தது. கல்யாணமாகி வந்த பெண், கோடியில் தண்ணீர் ஓடும்போது இறங்கி அக்கரை போய்த் திரும்பி வர வேண்டும். ஏற்கெனவே தாண்டியவள் ஒருத்தி கரையில் நின்று அதைப் பார்க்க வேண்டும். அதற்குப் பிறகுதான் அவள் ‘ஊர்க்காரி’. அதுவரைக்கும் ‘வந்தவ’. கோடையில் ஏரி வற்றி மீன் பிடித்துப் பங்கு போடும்போது ஊர்க்காரிக்குத் தன் பேரில் முழுக் கூறு, வந்தவளுக்கு அரைக் கூறு. புங்க மரத்தடியில் கூட்டம் நடந்தால் ஊர்க்காரி உட்கார்ந்து பேசலாம், வந்தவள் பின்னால் நின்று கேட்கலாம்.

நான் யோசித்துப் பார்த்ததில் இதற்கும் சாமிக்கும் சம்பந்தம் இல்லை. கோடி போகும் நாட்களில் ஊர் தனியாக மாட்டிக்கொள்ளும். மளிகை வராது, ஆஸ்பத்திரிக்குப் போக முடியாது. அந்த நேரத்தில் தண்ணீரைத் தாண்டியவள் அப்படியே அம்மா வீட்டுக்கு ஓடிவிடாமல் திரும்பி வருகிறாளா என்று பார்த்திருக்கிறார்கள். மண் சுமக்க வந்து அங்கேயே தங்கிவிட்டவர்களுக்கு, யார் தங்குவாள், யார் போவாள் என்பது பெரிய கேள்வியாக இருந்திருக்கும். காரணம் எனக்குப் புரிகிறது. மழை பெய்யாததற்கு நான் என்ன செய்வேன் என்பதுதான் புரியவில்லை.

நான் வந்த பிறகு ஏரி கோடி போகவே இல்லை. என் மகன் பிறந்து, நடந்து, பள்ளிக்கூடமும் போக ஆரம்பித்துவிட்டான். எனக்கு முன்னால் வந்த ஒருத்திக்குத் தலை நரைக்கத் தொடங்கியிருந்தது, அவளும் வந்தவதான். எனக்குப் பிறகு வந்தவர்களையும் சேர்த்தால் நாங்கள் ஏழு பேர்.

செங்கம் ரோட்டில், ஆசிரமத்தைத் தாண்டி ஒரு கெஸ்ட் ஹவுஸில் எனக்கு வேலை. அறை, சாவி, சமையல்கட்டு, வேலையாட்கள் எல்லாம் என் பொறுப்பு. அங்கே தங்குகிற வெள்ளைக்காரர்கள் எந்தத் தண்ணீர் குடிக்கலாம், எந்த ஆட்டோவில் ஏறலாம் என்று என்னைக் கேட்டுவிட்டுத்தான் வெளியே போவார்கள். சாயங்காலம் ஸ்கூட்டியில் ஊர் திரும்பி, காய்ந்து கிடக்கும் அந்தக் கோடியைக் கடந்ததும் என் வாய்க்கு மதிப்பு போய்விடும். ஒரு கோடையில் தெருக் குழாயை எங்கே வைப்பது என்று கூட்டம் போட்டார்கள். தினமும் குடம் தூக்கப் போகிற நாங்கள் பின்னால் நின்றோம். அதைவிட எனக்கு எரிச்சல், முன்னால் உட்கார்ந்திருந்த ஊர்க்காரிகள்மேல்தான். பேசலாம் என்று இருந்தும் ஒருத்தியாவது வாயைத் திறந்து நான் பார்த்ததில்லை. என் அத்தை, அதாவது மாமியார், வீட்டில் ஒரு பேச்சுக்குப் பத்துப் பேச்சு பேசுகிறவர். கூட்டத்தில் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு உட்கார்ந்திருப்பார். கேட்டால், “பேசலாம்னு வெச்சிட்டா பேசிடறதா? ஒரு மரியாத வேணாம்?” என்பார்.

இப்படி இருக்கையில்தான் அந்த வருஷம் ஐப்பசியிலேயே மழை பிடித்துக்கொண்டது. கார்த்திகை பிறக்கும்போது ஏரியில் வேலிகாத்தானின் உச்சிக் கிளைகள் மட்டும்தான் வெளியே தெரிந்தன. தண்ணீர் கோடிக் கல்லை எட்ட இன்னும் இரண்டு விரற்கடைதான் பாக்கி. ஏழு பேரும் தினம் போய்ப் பார்த்துவிட்டு வந்தோம். ஒருத்தி தாண்டுவதற்கென்று புதுப் புடவையே எடுத்துவிட்டாள்.

அப்போதுதான் ஆண்கள் கோடிமேல் மூட்டை அடுக்கினார்கள். சிமெண்டு சாக்கில் மணலை நிரப்பி, நடுவில் களிமண் பூசி, மூன்று வரிசை உயரத்துக்கு அடுக்கினார்கள். இத்தனை வருஷம் காய்ந்து கிடந்தவர்களுக்கு ஒரு சொட்டுத் தண்ணீர் வெளியே போவதைப் பார்க்கவும் மனம் வரவில்லை. பங்குனி வரை தண்ணீர் நின்றால் நவரை நெல் ஒரு போகம் முழுசாக எடுத்துவிடலாம். நியாயமான ஆசைதான். ஆனால் அந்தக் கல்லைக் கட்டியவன் எதற்காக அந்த உயரத்தோடு நிறுத்தினான் என்று ஒருவர்கூடக் கேட்கவில்லை. கரை அடைத்தவர்களின் பிள்ளைகள் அல்லவா, தங்கள் கரை தங்களுக்கு எப்படித் துரோகம் செய்யும் என்று நினைத்தார்கள்.

கொஞ்ச நாளில் எங்கள் கொல்லையில் பாத்திரம் துலக்கும் இடம், மழை விட்ட பிறகும் காயாமல் கிடந்தது. மேலே போய்ப் பார்த்தேன். ஒடப்புக்குக் கீழே, புல்லுக்குள்ளிருந்து தண்ணீர் கசிந்து வந்தது. அன்றைக்குத் தெளிவாக வந்தது. மறுநாள் டீ நிறத்துக்கு மாறிவிட்டது. கையில் பிடித்துப் பார்த்தேன், உள்ளங்கையில் மண் தங்கியது. கரைக்குள் இருக்க வேண்டிய மண் என் கைக்கு எப்படி வந்தது? என் மகன் படுக்கிற இடத்துக்கும் அந்தக் கசிவுக்கும் நடுவில் ஒரு செங்கல் சுவர்தான்.

மாமனார் வந்து பார்த்தார். “ஏரி ரொம்பினா கரை வேர்க்கும்மா. எங்க அப்பா காலத்துலயும் வேர்த்துக்கீது” என்றார்.

என் வீட்டுக்காரர் வேன் ஓட்டுகிறவர். அவரும் பார்த்தார். “ஊரே சேந்து வெச்ச மூட்ட. நான் ஒருத்தன் போய் இன்னா சொல்றது?” என்று வேனைத் துடைக்கப் போய்விட்டார்.

அந்த வாரக் கூட்டத்தில் பின்னால் நின்றபடியே நான் சொன்னேன். “ஒடப்புல மண்ணுத் தண்ணி வருதுங்க. மூட்டைய எடுத்துடணும்.” கூட்டத்தை நடத்துகிறவர் ஊரிலேயே வயதானவர், பெரியதனக்காரர் என்று சொல்வோம். நல்ல மனிதர்தான். திரும்பிக்கூடப் பார்க்காமல், “யாருப்பா அது பின்னால இருந்து? கோடி தாண்டிட்டு வந்து பேசச் சொல்லு” என்றார். நாலு பேர் சிரித்தார்கள்.

கோடி போனால்தான் நான் பேசலாம். கோடியைத் திறங்கள் என்று சொல்லத்தான் நான் பேச வேண்டும். கோடிமேலோ மூட்டை. வீட்டுக்குப் போகிற வழியெல்லாம் இதை நினைத்து எனக்குக் கோபம் தலைக்கேறியது. “நீங்களாவது ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே அத்த” என்றேன். “உன் வேலையப் பாரு” என்றார் அத்தை. என் வேலை என்ன என்று அப்போதே எனக்குத் தெளிவாகிவிட்டது. அந்த மூட்டைகள் அங்கே இருக்கக் கூடாது.

கார்த்திகை தீபத்தன்று எங்கள் ஊரில் ஆண்களைப் பார்க்க முடியாது. வேன் வைத்திருப்பவர்கள் கிரிவலக் கூட்டத்துக்குப் போய்விடுவார்கள், மற்றவர்கள் அடி அண்ணாமலைப் பக்கம் இளநீரும் பொரியும் விற்கப் போய்விடுவார்கள். எனக்கும் கெஸ்ட் ஹவுஸில் வருஷத்திலேயே பெரிய நாள் அதுதான். வர முடியாது என்று போன் செய்தேன். முதலாளியம்மா, “இன்னைக்குப் போய் இப்படி சொல்ற! வேற ஆள பாத்துக்கட்டுமா?” என்று கத்தினார். “பாத்துக்கோங்கம்மா” என்று வைத்துவிட்டேன். ஏரியைப் பார்க்கிற ஆபீஸுக்கும் போன் போட்டேன். உள்ளூர் விடுமுறை, மணி அடித்து ஓய்ந்தது. விடிந்ததிலிருந்து தூறல் நிற்கவில்லை. கொல்லைக் கசிவு கட்டைவிரல் பருமனுக்கு வந்திருந்தது.

மதியம் சோறாக்கிவிட்டு, வந்தவர்கள் வீடுகளுக்கு ஒவ்வொன்றாகப் போனேன். எல்லோருக்கும் இளையவள் தயங்கினாள். “பேச வுடாத ஊருக்கு நாம எதுக்குக்கா வம்புல மாட்டிக்கணும்?”

“ஊரு நம்மளுது இல்லதான். உள்ள தூங்குற புள்ள நம்மளுதுதான?” என்றேன். புடவையை இழுத்துச் செருகிக்கொண்டு அவள்தான் முதலில் நடந்தாள்.

மூட்டைகள் ஊறிப் பிணக்கனம் கனத்தன. களிமண் பிடியை விடவில்லை, கடப்பாறையால் நெம்ப வேண்டியிருந்தது. இரண்டிரண்டு பேராகச் சாக்கின் காதைப் பிடித்து இழுத்து, ஊர்ப்பக்க முனையிலிருந்து மேல் வரிசையை முதலில் எடுத்தோம். எடுத்த சாக்கைத் திரும்ப அடுக்க முடியாதபடி அரிவாளால் கிழித்து மணலைக் கொட்டினோம். யாரும் பின்னால் கதை கட்டக் கூடாது என்பதால் சொல்கிறேன், கிழிக்கச் சொன்னது நான்.

அதற்குள் அத்தை கரைமேல் ஓடி வந்துவிட்டார். “அடிப் பாவிங்களா! எங்க பயிரக் கொண்டும்போய் ஆத்துல வுடறீங்களே! உங்க கை வெளங்குமா?” என்று ஆரம்பித்து, என் அம்மா வீட்டு வம்சத்தில் ஒருவரையும் விட்டு வைக்கவில்லை.

“திட்டுங்க அத்த. ஆனா கீழ எறங்காதீங்க, வழுக்கும்” என்றேன். அதற்கும் சேர்த்துத் திட்டினார்.

கடைசி வரிசை விலகியதும் தண்ணீர் கல்லைத் தாண்டிக் குதித்து, பேசுவது காதில் விழாத சத்தத்தோடு ஓடியது. வேகம் அடங்கி முழங்கால் அளவுக்கு வரும்வரை தூறலில் நின்றோம். மேளம் இல்லை, மஞ்சள் இல்லை, புதுப் புடவை பீரோவில் இருந்தது. ஒருவர் கையை ஒருவர் பிடித்துக்கொண்டு ஏழு பேரும் இறங்கினோம். அக்கரை போய்ச் சேர்ந்துவிட்டோம். திரும்பும்போது நரைத்த தலைக்காரிக்குக் கால் வழுக்கி, இடுப்பு வரை தண்ணீரில் உட்கார்ந்துவிட்டாள். அவளை இழுத்துத் தூக்கியபோது எனக்கு அழுகை வந்துவிட்டது. பயத்திலா, சந்தோஷத்திலா என்று இப்போதும் சொல்லத் தெரியவில்லை. அத்தை மட்டும் கரையில் நனைந்துகொண்டே திட்டியபடி நின்றார். கடைசி ஆள் ஏறி வரும்வரை போகவில்லை.

மறுநாள் காலையில் ஊர் ஆண்கள் எல்லோரும் ரோட்டுப் பக்கம் நின்றார்கள். நடுவில் தண்ணீர். என் வீட்டுக்காரர் வேன் பக்கத்தில் நின்று, “யாரு பண்ணது இது?” என்று கத்தினார். “நாங்கதான்” என்று நானும் கத்தினேன். அவர்கள் தாண்டி வந்து மூட்டையைத் தேடினார்கள், கிழிந்த சாக்குதான் கிடைத்தது.

கசிவு அன்றே மெலிந்து தெளிந்தது, அடுத்த சில நாளில் நின்றுவிட்டது. “பாத்தியா, வேர்வதான். நின்னுடுச்சு” என்றார் மாமனார். கரை உடைந்திருந்தால் நான் சொன்னது உண்மையாகியிருக்கும். உடையாத கரையை வைத்து யாரிடமும் எதையும் நிரூபிக்க முடியவில்லை. கெஸ்ட் ஹவுஸில் மட்டும் என்னைத் திரும்பக் கூப்பிட்டுக்கொண்டார்கள். எந்தச் சாவி எந்த அறைக்கு என்று வேறு யாருக்கும் தெரியாது.

பங்குனியில் தண்ணீர் போதவில்லை. கதிர் பால் பிடிக்கிற நேரத்தில் மதகில் வரத்து நின்றது. மேட்டு வயல்கள் முதலில் காய்ந்தன. எங்கள் வயல் மேட்டு வயல். அத்தை தனியாகப் போய் அந்தப் பயிரை அறுத்து மாட்டுக்குப் போட்டார். கட்டுத் தூக்க நான் போனேன், தொட விடவில்லை. அதோடு என்னிடம் பேசுவதை நிறுத்திவிட்டார். நான் போடுகிற சோற்றைச் சாப்பிடுவார், தட்டைக் கழுவி வைப்பார், ஒரு வார்த்தை கிடையாது. எனக்கு ரொம்ப வலித்தது. அது நாங்கள் சாப்பிட வேண்டிய நெல். ஆனால் மூட்டையை எடுத்திருக்கக் கூடாதோ என்று ஒரு நாளாவது நினைத்தேனா என்றால், இல்லை.

சித்திரையில் ஏரி குட்டையாகச் சுருங்கியதும் ஊரே இறங்கி மீன் பிடித்தது. புங்க மரத்தடியில் தார்ப்பாய் விரித்துக் கூறு போட்டார்கள். எங்கள் ஏழு பேருக்கும் அரைக் கூறு வைத்தபோது நான் கேட்டேன். “நாங்க கோடி தாண்டிட்டோம். முழுக் கூறு வைங்க.”

பயிர் காய்ந்த கோபம் எல்லோருக்கும் இருந்தது. “தண்ணி தானா போனாத்தான் கோடி. நீங்களா புடுங்கி வுட்டது கோடியா?” என்றார் ஒருவர். “மோளம் இல்ல, மஞ்ச இல்ல. எவ பாத்தா?” என்றார் இன்னொருவர்.

பெரியதனக்காரர் கையமர்த்தினார். “வழக்கம்னு ஒண்ணு கீதில்ல. தாண்டினத ஒரு ஊர்க்காரி பாத்துருக்கணும். பாத்தவங்க யாருனா கீறீங்களா?”

யார் பார்த்தது என்று எங்கள் ஏழு பேருக்கும் தெரியும். நான் அத்தை பக்கம் திரும்பவில்லை. பயிரைக் காயவிட்ட நான் எந்த முகத்தை வைத்துக்கொண்டு கேட்பது? ஆனால் பின்னால் போய் நிற்கவும் எனக்கு உத்தேசம் இல்லை. நேராக முன்னால் போய் உட்கார்ந்தேன். மற்ற ஆறு பேரும் வந்து உட்கார்ந்தார்கள்.

“எழுந்து போங்கம்மா” என்றார் பெரியதனக்காரர்.

“போவ மாட்டோங்க.”

அப்போது அத்தை வாயிலிருந்து முந்தானையை எடுத்தார்.

“நான் பாத்தேன்.”

கூட்டம் முழுக்க அவரைத் திரும்பிப் பார்த்தது. அவர் நிறுத்தவில்லை. “காஞ்சது என் பயிரு. இவளுங்களுக்காக நான் பொய் சொல்றேன்னு ஒருத்தரும் சொல்ல முடியாது. நான் தாண்டறப்ப மோளம் அடிச்சாங்க, ரெண்டு பக்கமும் ஆளு புடிச்சிக்கினாங்க. இவளுங்களுக்கு யாருமில்ல. எறங்கினாளுங்க, போனாளுங்க, திரும்பி வந்தாளுங்க. நான் திட்டிக்கினேதான் நின்னேன். ஆனா பாத்தேன்.”

பெரியதனக்காரர் கூறு போடுகிறவர்கள் பக்கம் திரும்பினார். “முழுக் கூறு வைங்கப்பா” என்றார். கூட்டத்தை முடிக்கப் போகும்போது, “வேற யாருனா பேசணுமா?” என்று வழக்கமாகக் கேட்பதைக் கேட்டார்.

“நான் பேசணும்” என்றேன். மழைக்கு முன்னால் ஒடப்பில் மண் போட்டு இடித்து இறுக்க வேண்டும், இனி கோடிமேல் மூட்டை வைக்கக் கூடாது என்றேன். கத்தினார்கள், நானும் கத்தினேன். கடைசியில் இரண்டுக்கும் ஒத்துக்கொண்டார்கள். இனி வருகிற பெண்கள் வந்த நாளிலிருந்தே உட்காரலாம் என்று வைக்க வேண்டும் என்றும் கேட்டேன். அதற்கு மட்டும் எல்லோரும் எழுந்து போய்விட்டார்கள். அடுத்த கூட்டத்திலும் கேட்டேன். இன்னும் கேட்டுக்கொண்டுதான் இருக்கிறேன்.

ஊருக்கு முன்னால் எனக்காக அவ்வளவு பேசிய அத்தை, வீட்டுக்கு வந்ததும் பழையபடி மௌனமாகிவிட்டார். நான் போய் கையைப் பிடித்தேன், உதறிவிட்டு மாடு கட்டப் போனார். பயிர் காய்ந்தது காய்ந்ததுதானே. வைகாசியில் ஒடப்புக்கு மண் சுமந்தபோது எனக்கு இரண்டு ஆள் தள்ளி வரிசையில் நின்று கூடை தூக்கினார். அப்போதும் பேசவில்லை.

ஐப்பசியில் மறுபடியும் நல்ல மழை. ஒரு நாள் காலையில் பக்கத்துத் தெருக்காரர்கள் இரண்டு பேர் வாசலில் வந்து நின்றார்கள். வீடு பூசிய மிச்சச் சாக்குகள் எங்களிடம் இருப்பது அவர்களுக்குத் தெரியும். அத்தை சாணி மிதித்துக்கொண்டிருந்தார்.

“சாக்கு இருந்தா குடுங்க அத்த. தண்ணி கோடிக்கு வந்துடுச்சு. ஜாஸ்தி இல்ல, ஒரே ஒரு வரிச.”

 அத்தை காலை உதறிவிட்டு, நேராகச் சமையல்கட்டுக்கு வந்தார். நான் தாளித்துக்கொண்டிருந்தேன். என் முகத்தைப் பார்த்து, வாசலில் நிற்பவர்களுக்கும் கேட்கும்படி கேட்டார்.

“கடப்பாறைய எங்கடி வெச்ச?”